பச்சைச் சுவருக்கு முன்னால்

வெர்லின் ஹாக்ஸ்ருட் கைநீட்டிக் காட்டிய மேகம் எதையும்
வெர்லின் ஹாக்ஸ்ருட் பார்த்ததில்லை.
அவர் கை போன இடத்தில் இருந்தது
வெறும் பச்சைச் சுவர்,
கேமராவுக்கு எட்டாத மூலையில் ஒரு காப்பிக் கறை.
பக்கத்துத் திரையில் தெரியும் தன்னையே
ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டு
விஸ்கான்சின் எங்கே முடிகிறதென்று
தடவிக் கண்டுபிடிப்பார்.
இருபத்திரண்டு வருடம் கேமராவுக்குப் பின்னால் நான்.

வந்த புதிதில் சுவர் கிடையாது.
தகரத்தில் வரைந்த வரைபடம், காந்தம் ஒட்டிய சூரியன்.
ஒரு ஜனவரி மாலை, நேரலையில்,
சூரியன் நழுவிச் சுப்பீரியர் ஏரிக்குள் விழுந்தது.
குனிந்து எடுத்தார், கோட்டில் துடைத்தார்,
"டுலூத்தில் இது சகஜம்" என்று
பையில் போட்டுக்கொண்டார்.
அன்றுதான் ஊர் அவரைத் தன்னவர் ஆக்கியது.

ஆக்கிய கையோடு கேட்கவும் தொடங்கியது.
மளிகைக் கடையில்,
பல் மருத்துவரிடம் வாயைப் பிளந்து கிடக்கையில்கூட,
"சனிக்கிழமை எப்படி?"
பனியில் துளையிட்டு மீன் பிடிக்கிறவர்கள்,
கூரை பிரித்துப் போட்டவர்கள்,
மூன்றாம் கல்யாணத்தைத் தோட்டத்தில் வைத்திருந்த
மார்ஜி பெல்லாண்டர்.
"முப்பது சதவீதம்" என்பார்.
"அதெல்லாம் இருக்கட்டும், பெய்யுமா பெய்யாதா?"
முப்பது என்றால் என்னவென்று
விளக்கி முடிப்பதற்குள்
வரிசை நகர்ந்துவிடும்.

வானம் பொய்த்தால் வானத்தை யாரும் ஏசுவதில்லை.
ஒரு மார்ச்சில் இரண்டு அங்குலம் என்றார்.
ஏரி இருந்த ஈரத்தையெல்லாம் வாரிவந்து கொட்டியது.
இருபத்தாறு.
மறுநாள் நிலைய வாசலில் யாரோ
பனி மண்வெட்டி ஒன்றைக் குத்திவைத்துவிட்டுப் போனார்கள்.
கைப்பிடியில் சீட்டு:
உன் இரண்டு அங்குலத்தை நீயே அள்ளு.
அள்ளினார்.
நிலையத்தின் வண்டி நிறுத்தத்தை,
பக்கத்து லுத்தரன் தேவாலயத்தை,
பிறகு பெயர் தெரியாதவர்களின் படிக்கட்டுகளை.
ஆறு மணிக்கு வந்து நின்றபோது
பவுடருக்கு அடங்காமல் மூக்கு சிவந்திருந்தது.
"நேற்று தப்பாகச் சொன்னேன்."
அவ்வளவுதான்.
அப்புறம் நாளைய காற்று.

புனித பேட்ரிக் நாளுக்கு மனைவி ஆர்டிஸ்
பச்சை டை ஒன்று வாங்கித் தந்தாள்.
வேண்டாம் என்றேன். கட்டிக்கொண்டுதான் வந்தார்.
பச்சையைத் தின்னும் இயந்திரம் டையையும் தின்றது.
நெஞ்சு நடுவே நீளமாக ஒரு சந்து,
அதன் வழியே கனடாவின் பனிமேகம்
அவசரமில்லாமல் தெற்கே போனது.
அன்று நிலையத்தில் தொலைபேசி ஓயவில்லை.
அந்த ஒரு நிமிடத்தை ஆர்டிஸ் பதிவுசெய்து வைத்திருந்தாள்,
வீட்டுக்கு யார் வந்தாலும் போட்டுக்காட்டுவாள்.

சென்ற அக்டோபரில்
ஆர்டிஸின் படத்தை வெளிச்சப் பலகையில் மாட்டினார் மருத்துவர்.
வலது நுரையீரலின் மேல்மூலையில் வெள்ளையாக ஒரு திட்டு.
வடகிழக்காக நகர்கிறது என்று நினைத்தாராம்,
பழக்க தோஷம்.
மருத்துவர் சுற்றி வளைக்கவில்லை:
"முப்பது சதவீதம்."
முப்பது என்றால் என்னவென்று
முப்பது வருடமாக ஊருக்குச் சொன்ன மனிதர்
நாற்காலி நுனிக்கு வந்தார்.
"அதெல்லாம் இருக்கட்டும் டாக்டர்,
பிழைப்பாளா மாட்டாளா?"
ஆர்டிஸ் சிரித்தாளாம், இருமல் வரும்வரை.
"மார்ஜி பெல்லாண்டர் கெட்டாள், போங்கள்."

இதைச் சொல்லும்போது
அவர் கோட்டில் நான் மைக் குத்திக்கொண்டிருந்தேன்.

ஏழு நாள் கட்டங்களில்
கடைசிக் கட்டத்தை அவர் என்றைக்கும் நம்பியதில்லை.
"ஏழாம் நாள் கடவுளே ஓய்வெடுத்தார்,
நான் எதற்கு வாயைக் கொடுக்கணும்" என்பார்.
கணினி அன்று சனிக்கிழமைக்குத் தந்தது மேகம்;
எனக்குத் தெரியும், அச்சடித்த தாள் என் கையில் இருந்தது.
திரையில் அந்தக் கட்டத்தில் சூரியன்.
விரலை அதன்மேல் வைத்து
வழக்கத்தைவிடக் கொஞ்சம் அதிகமாக நின்றார்.
நான் கேமராவை அசைக்கவில்லை.

சனிக்கிழமை விடிந்ததிலிருந்து தூறல்.
தொலைபேசிக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.
யாரும் கூப்பிடவில்லை.